ஏழு அங்குலத் தழும்பு

ஃபேஷன் உலகில் மாடலின் தோல்தான் மூலதனம். முகத்தில் ஒரு பரு எட்டிப்பார்த்தாலும் பூச்சுப் பெட்டியோடு ஆள் ஓடி வருவார். மறைக்க முடியாத குறை என்றால் வேறு பெண்ணுக்கு அழைப்புப் போகும். அப்படிப்பட்ட தொழிலுக்குள் 1990-களின் தொடக்கத்தில் வலது மேற்கையில் ஏழு அங்குல நீளத் தழும்போடு ஒரு பெண் வந்து நின்றார். முழங்கைக்கும் தோளுக்கும் நடுவே ஓடும் தழும்பு அது. முழுக்கைச் சட்டை போட்டால் ஒழிய எளிதில் மறையாது.

அவர் பத்மா லட்சுமி. பாரிஸ், மிலான், நியூயார்க் என்று மூன்று நகரங்களிலும் மாடலாக நிலைத்த முதல் இந்தியப் பெண் என்று அவரைச் சொல்வார்கள். பிறகு இத்தாலியில் தொலைக்காட்சித் தொகுப்பாளர், தொடர்களில் நடிகை, சமையல் நூலாசிரியர், அமெரிக்காவில் பதினேழு ஆண்டுகள் 'டாப் ஷெஃப்' சமையல் போட்டியின் முகம். அவருடைய புகழையும் சொந்த வாழ்க்கையையும் பற்றிப் பத்திரிகைகள் நிறைய எழுதித் தீர்த்துவிட்டன. எனக்கு அதைவிடப் பெரிய வியப்பு அந்த உடம்புக்குள் நடந்தவை. காயம் பட்டால் மனித உடம்பு எங்கே தழும்பு போடுகிறது, எங்கே போடாமல் விடுகிறது? இந்தக் கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டு பார்த்தால் அவருடைய தொழில்வாழ்க்கை முழுவதும் வேறு வெளிச்சத்தில் தெரிகிறது.

1970-ல் சென்னையில் பிறந்தவர் பத்மா. பெற்றோர் பிரிந்தபின் செவிலியரான அம்மா அமெரிக்கா போய்விட, நான்கு வயதில் மகளும் போய்ச் சேர்ந்தாள். விடுமுறைக்குப் பெசன்ட் நகரில் தாத்தா பாட்டி வீடு. 1984-ல், பதினான்கு வயதில், ஸ்டீவன்ஸ்–ஜான்சன் என்ற அரிய நோய் வந்து மூன்று வாரம் மருத்துவமனையில் கிடந்தார். ஏதோ ஒரு மருந்துக்கோ தொற்றுக்கோ உடம்பின் எதிர்ப்பாற்றல் தப்பாகக் கிளர்ந்து, சொந்தத் தோலையே உரித்துப்போடும் நோய் அது. வாயும் கண்ணும்கூடப் புண்ணாகும். அதிலிருந்து பிழைத்து வீடு திரும்பிய இரண்டே நாளில், அமெரிக்காவின் மலிபுவில் உள்ள கோயிலுக்குப் போய்விட்டுக் குடும்பத்தோடு காரில் வரும்போது விபத்து. வலது இடுப்பெலும்பு முறிந்தது. வலது மேற்கை எலும்பு நொறுங்கியது. அதைச் சேர்க்கச் செய்த அறுவையின் மிச்சம்தான் அந்தத் தழும்பு.

கிளார்க் பல்கலைக்கழகத்தில் நாடகமும் அமெரிக்க இலக்கியமும் படித்தார். படிப்பின் ஒரு பகுதியாக மாட்ரிட் போயிருந்தபோது, இருபத்தொரு வயதில், மாடலிங் முகவர் ஒருவரின் கண்ணில் பட்டார். தொடக்கத்தில் தழும்பைப் பூச்சு போட்டு மறைக்க வேண்டியிருந்தது. நிலைமையை மாற்றியவர் ஹெல்முட் நியூட்டன். அந்தக் காலத்தின் பெரும் புகைப்படக்காரர்களில் ஒருவரான அவர், தழும்பு இருக்கிறது என்பதற்காகவே பத்மாவைப் படமெடுத்தார். அதன்பின் மற்றவர்களும் அதைத் தேடி வந்தார்கள். குறை என்று ஒதுக்கப்பட்டது அடையாளமாயிற்று.

அந்த ஏழு அங்குலத்தைக் கொஞ்சம் நெருங்கிப் பார்க்கலாம். தோல் வெட்டுப்பட்டதும் முதல் வேலை ரத்தத்தை நிறுத்துவது. அதைத் தட்டணுக்கள் செய்கின்றன. சில மணி நேரத்தில் வெள்ளணுக்கள் வந்து கிருமிகளையும் செத்த திசுவையும் விழுங்கத் தொடங்கும். அடுத்து வருபவை ஃபைப்ரோபிளாஸ்ட் செல்கள். கொலாஜன் என்ற புரத இழையைச் சுரந்து பள்ளத்தை நிரப்புவது இவற்றின் வேலை. அவசரத்துக்கு மூன்றாம் வகைக் கொலாஜனைப் போட்டு அடைத்துவிட்டு, பிறகு மாதக்கணக்கில் அதை எடுத்துவிட்டு உறுதியான முதல் வகைக் கொலாஜனை வைக்கும். காயம் படாத தோலில் இந்த இழைகள் கூடை முடைந்ததுபோல் எல்லாத் திசையிலும் குறுக்கும் நெடுக்குமாக ஓடுகின்றன. தழும்பில் அதே இழைகள் ஒரே திசையில் அடுக்கிக் கிடக்கின்றன. பொருள் ஒன்றுதான், பின்னல் வேறு. அதனால் எத்தனை ஆண்டு ஆனாலும் தழும்பின் வலு பழைய தோலில் சுமார் 80 சதவீதத்தைத் தாண்டுவதில்லை.

அங்கே வியர்வைச் சுரப்பி கிடையாது, மயிர்க்கால் கிடையாது, எண்ணெய்ச் சுரப்பி கிடையாது. சாதாரணத் தோலில் இவற்றின் வாய்களும் நுண்ணிய கோடுகளும் ஒளியைப் பல பக்கமும் சிதறடிக்கின்றன. தழும்பின் வழுவழுப்பு ஒளியை ஒரே பக்கமாகத் திருப்பி அனுப்புகிறது. ஸ்டுடியோ விளக்கில் அது பளிச்சென்று மின்னுவதற்கு இதுதான் காரணம். நல்ல புகைப்படக்காரனின் கண் அங்கே போய் நிற்பதில் ஆச்சரியமில்லை.

உடம்பு ஏன் இப்படி அரைகுறையாக ஒட்டுப்போட வேண்டும்? தாயின் கருப்பையில் ஏறக்குறைய இருபத்துநான்கு வாரத்துக்கு உட்பட்ட கருவின் தோலில் வெட்டுப்பட்டால் தழும்பே இல்லாமல் கூடிவிடும். அந்தத் திறமை பிறப்பதற்கு முன்பே கைவிட்டுப் போகிறது. புழுதியிலும் கிருமியிலும் வாழப்போகும் உயிருக்கு அழகான பின்னலைவிட, வாசலைச் சீக்கிரம் அடைப்பதே முக்கியமாக இருந்திருக்கும் என்று பலர் கருதுகிறார்கள். எனக்கும் அது பொருத்தமாகத்தான் படுகிறது.

தழும்பைப் பற்றி நான் படித்ததில் என்னை உலுக்கிய செய்தி ஒன்று உண்டு. 1740-களில் ஆன்சன் என்ற தளபதியின் தலைமையில் பிரிட்டிஷ் கப்பல்கள் உலகைச் சுற்றின. காய்கறி, பழம் இல்லாத நெடும்பயணம். மாலுமிகளுக்கு வைட்டமின் சி இல்லாமையால் வரும் ஸ்கர்வி கண்டது. ஒரு மாலுமிக்கு ஐம்பது ஆண்டுகளுக்கு முன் போரில் பட்டு, நன்றாக ஆறிப்போயிருந்த காயம் மறுபடி வாய் திறந்தது என்று அந்தப் பயணக் குறிப்பு சொல்கிறது. காரணம் பிற்காலத்தில்தான் விளங்கியது. தழும்பில் உள்ள கொலாஜன் சிதைந்துகொண்டே இருக்கிறது, உடம்பு புதிதாகச் செய்து போட்டுக்கொண்டே இருக்கிறது. அந்த வேலைக்கு வைட்டமின் சி கட்டாயம் வேண்டும். அது கிடைக்காவிட்டால் சிதைவு மட்டும் நடக்கும், செப்பனிடுவது நிற்கும். ஆக, பத்மாவின் கையில் இருப்பதை 1984-ன் தழும்பு என்று சொல்வது பாதி உண்மைதான். அவர் உடம்பு இன்றைக்கும் அதை நெய்துகொண்டிருக்கிறது.

மாடலிங்கிலிருந்து தொலைக்காட்சிக்கு அவர் மாறியது இத்தாலியில். 1997-ல் ராய் தொலைக்காட்சியின் 'டொமெனிகா இன்' என்ற ஞாயிற்றுக்கிழமை நேரலை நிகழ்ச்சிக்குத் தொகுப்பாளர்களில் ஒருவரானார். பிறந்த மொழியும் அல்லாத, வளர்ந்த மொழியும் அல்லாத மூன்றாவது மொழியில் மணிக்கணக்கில் நேரலையில் பேசுவது எளிதல்ல. நடிப்பும் தொடர்ந்தது. 2002-ல் 'ஸ்டார் ட்ரெக்: என்டர்பிரைஸ்' தொடரின் ஒரு பகுதி, 2003-ல் 'பூம்' என்ற இந்திப் படம், 2006-ல் 'டென் கமாண்ட்மென்ட்ஸ்' குறுந்தொடர். நடிப்பு அவரை நெடுந்தூரம் கொண்டுபோகவில்லை. அவரைக் கொண்டுபோனது நாக்கு. 1999-ல் முதல் சமையல் நூல் வந்தது. 2006-ல் 'டாப் ஷெஃப்' போட்டியின் இரண்டாம் பருவத்தில் தொகுப்பாளராகவும் நடுவராகவும் உட்கார்ந்தவர், 2023-ல் இருபதாம் பருவத்தோடுதான் எழுந்தார்.

இந்த வேலையில் ஒரு விந்தை இருக்கிறது. மாடலிடமிருந்து கேமரா எடுத்துக்கொள்ள வேண்டியது எல்லாம் கேமராவுக்குத் தெரியும். சமையல் நிகழ்ச்சியில் முக்கியமான பொருளே கேமராவுக்குத் தெரியாது. ருசியையும் மணத்தையும் எந்த லென்சும் பிடிக்காது. பார்ப்பவருக்கும் ருசிக்கும் இடையில் இருப்பது தொகுப்பாளரின் முகம் ஒன்றுதான். ஒலியை அணைத்துவிட்டு ஒரு பகுதியைப் பாருங்கள். கரண்டி வாய்க்குள் போன நொடியில் புருவமும் உதட்டோரமும் சொல்லிவிடும்.

அது நாம் பழகிக்கொண்ட மொழி அல்ல, பிறவியிலேயே வருவது. பிறந்த குழந்தையின் நாக்கில் கசப்பை வைத்தால் முகம் சுளிக்கும், இனிப்பை வைத்தால் இளகும். 2022-ல் இங்கிலாந்தின் டரம் பல்கலைக்கழகத்தார் கர்ப்பிணிகளுக்குக் கேரட் பொடியோ கேல் என்ற கசப்புக் கீரையின் பொடியோ அடைத்த மாத்திரைகளைக் கொடுத்து, வயிற்றிலிருக்கும் சிசுவின் முகத்தை ஸ்கேனில் பார்த்தார்கள். கேரட்டுக்குச் சிரிப்பது போன்ற முகம், கீரைக்கு அழுவது போன்ற முகம். பேச்சு வருவதற்கு முன்பே ருசி முகத்தில் எழுதப்பட்டுவிடுகிறது. ஒரு நல்ல நடுவரைப் பார்த்து நமக்கு நாவூறுவதற்கு அடிப்படை இதுதான்.

நாம் ருசி என்று சொல்வதில் பெரும்பங்கு நாக்கில் நடப்பதே இல்லை. நாக்கு அறிவது இனிப்பு, புளிப்பு, உப்பு, கசப்பு, உமாமி ஆகிய ஐந்தை. மற்றதெல்லாம் மூக்கின் கைங்கரியம். மெல்லும்போது எழும் ஆவி தொண்டைக்குப் பின்வழியாக மூக்குக்கு ஏறுகிறது. அங்கே ஏறக்குறைய நானூறு வகை மண உணர்விகள் காத்திருக்கின்றன. சளி பிடித்த நாளில் ரசம் வெறும் புளித்தண்ணீராகத் தோன்றுவது இதனால்தான். காரம் இந்த இரண்டு கணக்கிலும் சேராது. அது வலி. மிளகாயின் காப்சைசின், சுமார் 43 டிகிரிக்கு மேற்பட்ட சூட்டை உணரும் நரம்பு வாயிலையே போய்த் திறக்கிறது. வாய் எரிகிறது என்று மூளை நம்பிவிடுகிறது. அந்த வாயிலை 1997-ல் கண்டறிந்த டேவிட் ஜூலியஸுக்கு 2021-ல் நோபல் பரிசு கிடைத்தது. தினமும் காரம் சாப்பிடுகிறவர்களுக்கு அந்த நரம்புகள் மெல்ல மரத்துப்போகின்றன. ஊறுகாயோடு வளர்ந்த பத்மா காரம் என்று சொல்லும் அளவும், மினசோட்டாவில் வளர்ந்த போட்டியாளர் காரம் என்று சொல்லும் அளவும் ஒன்றாக இருக்க வழியில்லை.

நடுவர் நாற்காலியில் இன்னொரு சிக்கல். ஒரே ருசியைத் தொடர்ந்து உண்டால், வயிறு நிறைவதற்கு முன்பே அந்த ருசியின் மேலுள்ள ஆசை விழுந்துவிடும். வேறு ருசி வந்தால் மறுபடி எழும். விருந்தில் வயிறு முட்டியபின்னும் பாயசத்துக்கு இடம் இருப்பது இதே விதியால்தான். ஒரே பொருளை வைத்துச் சமைத்த பத்துத் தட்டு வரிசையாக வந்தால் கடைசித் தட்டுக்காரர் பாவம். அதை மீறி நியாயமாகச் சுவைப்பதற்குப் பயிற்சி வேண்டும். உடம்பும் விலை கொடுக்க வேண்டும். ஒவ்வொரு பருவத்திலும் பத்துப் பதினைந்து பவுண்டு எடை கூடும் என்று அவரே சொல்லியிருக்கிறார். மெலிந்த உடம்பை விற்ற ஒரு தொழிலிலிருந்து வந்தவர் அதை ஒளிக்காமல் சொன்னது எனக்குப் பிடித்திருக்கிறது.

இவ்வளவு சூட்டையும் காரத்தையும் தாங்கும் வாய்க்குள், தழும்பு ஏறக்குறைய விழுவதே இல்லை. கன்னத்தின் உட்புறத்தைக் கடித்துக்கொண்டால் சில நாளில் சுவடில்லாமல் ஆறுகிறது. சூடான காபியில் சுட்டுக்கொண்ட நாக்குக்கு ஓரிரு வாரத்தில் ருசி திரும்புகிறது, ஏனென்றால் சுவைச் செல்கள் சராசரியாகப் பத்து நாளுக்கு ஒருமுறை புதிதாகின்றன. வாயின் ஃபைப்ரோபிளாஸ்ட் செல்களின் நடத்தை கருவில் இருக்கும் செல்களின் நடத்தையை ஒத்தது. உமிழ்நீரிலும் காயத்தை ஆற்றும் புரதங்கள் உண்டு.

ஆனால் தழும்பில்லாமல் ஆறுவதில் வாயை மிஞ்சும் இடம் ஒன்று பெண்ணுடம்பில் இருக்கிறது: கருப்பையின் உட்படலம். மாதந்தோறும் புரோஜெஸ்டிரோன் அளவு விழுந்ததும் அதன் ரத்தக்குழாய்கள் சுருங்கும், மேலடுக்கு செத்து உதிரும், உள்ளே பச்சைப்புண் விரியும். உதிரப்போக்கு நிற்பதற்கு முன்பே அடியடுக்கிலிருந்து புதுச் செல்கள் எழுந்து அந்தப் புண்ணை மூடத் தொடங்கும். வாழ்நாளில் ஏறக்குறைய நானூறு முறை இது நடக்கிறது. இயல்பாக நடக்கும்வரை ஒருமுறைகூடத் தழும்பு விழுவதில்லை. மாதவிலக்கு உள்ள விலங்குகள் மிகக் குறைவு. மனிதரும் சில குரங்கினங்களும், சில வௌவால்களும், இன்னும் ஒன்றிரண்டும்தான். முதுகில் முள்போன்ற மயிர் கொண்ட ஒருவகைச் சுண்டெலியும் அந்தப் பட்டியலில் உண்டு என்பது அண்மையில்தான் தெரிந்தது. அதே பேரினத்தைச் சேர்ந்த ஆப்பிரிக்கச் சுண்டெலிகள் பிய்ந்துபோன தோலைத் தழும்பில்லாமல், மயிரோடு மீண்டும் வளர்த்துக்கொள்கின்றன. இரண்டும் தற்செயலா, தொடர்பு உண்டா என்று ஆய்வாளர்கள் துருவிக்கொண்டிருக்கிறார்கள்.

இவ்வளவு நேர்த்தியாக ஆறும் இந்தத் திசுவைப் போன்ற ஒன்று, இடம் மாறிக் கருப்பைக்கு வெளியே வளர்ந்தால் என்ன ஆகும்? அதற்குப் பெயர் எண்டோமெட்ரியோசிஸ். சினைப்பையிலும், குடலின் மேலும், சிறுநீர்ப்பையின் மேலும் ஒட்டி வளரும். மாதாமாதம் ஹார்மோனுக்கு ஏற்பத் தடிக்கும், கசியும். கசிந்தது வெளியேற வழியில்லை. அழற்சி உண்டாகிறது. அழற்சி நீடித்தால் கொலாஜன் வரும், கொலாஜன் வந்தால் தழும்பு. அந்தத் தழும்பு நார்கள் குடலைக் கருப்பையோடும் சினைப்பையை இடுப்புச் சுவரோடும் சேர்த்துக் கட்டிவிடுகின்றன. அந்த இடத்தில் புது நரம்புகளும் முளைக்கின்றன. வலி கூடுகிறது. தன் வீட்டில் நானூறு முறை சுவடில்லாமல் ஆறும் திசு, வெளியே வந்தால் போன இடமெல்லாம் தழும்பாக்குகிறது. உடலியலில் இதைவிடக் கொடிய முரண் எனக்குத் தெரியவில்லை.

1920-களில் ஜான் சாம்ப்சன் என்ற அமெரிக்க மருத்துவர் ஒரு விளக்கம் தந்தார்: உதிரத்தில் ஒரு பகுதி சினைக்குழாய் வழியாகப் பின்னோக்கி வயிற்றுக்குள் போய், அங்கே வேர்விடுகிறது. பின்னோக்கிப் போவது உண்மைதான், ஆனால் அது பெரும்பாலான பெண்களுக்கும் நடக்கிறது. நோய் வருவது பத்தில் ஒருவருக்கு. உலக சுகாதார நிறுவனத்தின் கணக்கில் சுமார் 19 கோடிப் பெண்கள். மற்றவர்களின் எதிர்ப்பாற்றல் துடைத்தெடுத்துவிடும் செல்களை இவர்களுடையது ஏன் விட்டுவிடுகிறது? மரபணுவுக்குப் பங்கு உண்டு என்று இரட்டையர் ஆய்வுகள் காட்டுகின்றன. முழு விடை இன்னும் கிடைக்கவில்லை.

பத்மா லட்சுமி பூப்பெய்தியது பதின்மூன்று வயதில். அப்போது தொடங்கிய வலி, மாதத்தில் ஒரு வாரம் அவரைப் படுக்கையில் தள்ளியது. பாரிஸ் மேடைகளில் நடந்தபோதும், இத்தாலியில் நேரலையில் சிரித்தபோதும், நடிக்கப் போன இடங்களிலும் அது கூடவே இருந்தது. பெண்ணாய்ப் பிறந்தால் இது உள்ளதுதான் என்ற பேச்சைக் கேட்டே அவரும் வளர்ந்தார். அது எண்டோமெட்ரியோசிஸ் என்று தெரிந்தது 2006-ல், முப்பத்தாறு வயதில். 'டாப் ஷெஃப்' தொடங்கிய அதே ஆண்டு. இருபத்துமூன்று ஆண்டு வலி. அதில் பாதிக்கும் மேல், உலகின் விலையுயர்ந்த கேமராக்களுக்கு முன்னால் அந்த உடம்பு நின்றது. வெளித்தழும்பை எல்லாரும் பார்த்தார்கள், உள்தழும்பு ஒருவருக்கும் தெரியவில்லை.

அதைப் பார்ப்பதற்கு வேறு கேமரா வேண்டும். தொப்புளருகே சிறு துளையிட்டு உள்ளே செலுத்தும் லேப்ராஸ்கோப் அது. சினைப்பையில் பெரிய கட்டியாக இருந்தால் ஸ்கேனில் தெரியும். குடலின் மேல் பொட்டுப் பொட்டாகப் படர்ந்திருப்பது பெரும்பாலும் ஸ்கேனில் தப்பிவிடும். ஸ்கேன் சரியாக இருக்கிறது என்ற ஒரே காரணத்தால் வலியை நம்பாமல் திருப்பி அனுப்பப்பட்ட பெண்கள் ஏராளம். கொடுமை என்றால் இதுதான்.

இந்த நோய்க்காகச் செய்துகொண்ட அறுவைக்குப் பின் பத்மா சும்மா இருக்கவில்லை. தனக்கு அறுவை செய்த மருத்துவர் டேமர் செக்கினோடு சேர்ந்து 2009-ல் இந்நோய்க்காக ஓர் அறக்கட்டளை தொடங்கினார். அதே ஆண்டு மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகமான எம்.ஐ.டி.யில் பெண்களின் இனப்பெருக்க உறுப்பு நோய்களுக்கான ஆய்வு மையம் ஒன்று தொடங்கியதில் அவருக்குப் பங்கு உண்டு. அதன் தலைவர் லிண்டா கிரிஃபித். எலியின் முதுகில் மனிதக் காது வடிவத்தை வளர்த்துக் காட்டிய 1990-களின் புகழ்பெற்ற சோதனையில் கைகொடுத்த உயிரிப்பொறியாளர். அவரும் இதே நோயில் பல ஆண்டுகள் அவதிப்பட்டவர். நோயாளியின் செல்களை எடுத்து, கூழ்போன்ற பொருளுக்குள் சிறு கருப்பைத் திசுவாக வளர்த்து, எந்த மருந்து யாருக்கு வேலை செய்யும் என்று உடம்புக்கு வெளியே பார்க்க அவர் குழு முயல்கிறது. 2010-ல் பத்மாவுக்கு ஒரு மகள் பிறந்தாள். பத்தாண்டு கழித்து, புலம்பெயர்ந்தவர்களின் சமையலைத் தேடி அமெரிக்கா முழுவதும் சுற்றிய 'டேஸ்ட் த நேஷன்' தொடரில் தோசையும் அம்மாவும் மகளும் திரையில் வந்தார்கள்.

இந்நோய்க்கு நிரந்தரத் தீர்வு இன்னும் இல்லை. வலிநிவாரணிகள், ஹார்மோன் மாத்திரைகள், தேவைப்பட்டால் அறுவை ஆகியவை பலருக்கு வாழ்க்கையைத் திருப்பித் தந்திருக்கின்றன. சீக்கிரம் கண்டறிந்தால் பயன் கூடுதல். உங்கள் வீட்டில் ஒரு பெண் மாதவிலக்கு நாளில் பள்ளிக்கோ வேலைக்கோ போக முடியாமல் சுருண்டு படுக்கிறாள் என்றால், "எல்லாருக்கும் வர்றதுதான், பொறுத்துக்கோ" என்று சொல்லாதீர்கள். மகளிர் நல மருத்துவரிடம் அழைத்துப் போங்கள். ஸ்கேனில் ஒன்றும் இல்லை என்று சொல்லி, அதன்பிறகும் வலி நிற்காவிட்டால், இன்னொரு மருத்துவரையும் பாருங்கள்.